உமேகோ வம்சம்

கூண்டுக்குள் இருந்த பன்றி நாலு காலிலும் வெள்ளை சாக்ஸ் போட்டிருந்தது.

சதாவோ மோன்மா கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, மாட்டிக்கொண்டு, மறுபடி பார்த்தார். உடம்பெல்லாம் காட்டுப்பன்றிக்கே உரிய முரட்டுப் பழுப்பு மயிர்தான். மூஞ்சியும் நீளம்தான். ஆனால் குளம்புக்கு மேலே நாலு விரற்கடைக்கு அப்படி ஒரு வெள்ளை. ராத்திரியெல்லாம் கம்பியை முட்டி முட்டி மூக்கில் ரத்தம் கசிந்திருந்தது. அவரைக் கண்டதும் முட்டுவதை நிறுத்திவிட்டு, தவிடு கொண்டுவந்திருக்கிறாரா என்று பார்ப்பதுபோல மூக்கைக் கம்பிக்கு வெளியே நீட்டியது. காட்டுப்பன்றி அப்படிச் செய்யாது. மனுஷனைக் கண்டால் அது கூண்டின் மறுகோடிக்கு ஓடும்.

"நீ யார் வீட்டுப் பொண்ணு?" என்று வாய்விட்டே கேட்டுவிட்டார்.

அணு உலை வெடித்து ஊரைக் காலி செய்தபிறகு, ஷிமோசாகாவை ஆண்டது காட்டுப்பன்றிகள்தான். மலையிலிருந்து இறங்கி வந்து வயலில் புரண்டன, வீட்டுக்குள் குட்டி போட்டன, தெருவின் நடுவே ராஜநடை நடந்தன. கதிர்வீச்சு குறைந்துவிட்டது, திரும்பி வரலாம் என்று அரசாங்கம் அறிவித்த பிறகும் நாலைந்து வீட்டுக்காரர்களைத் தவிர ஆட்கள் வரவில்லை. வர நினைத்தவர்களும் "பன்னி போயிடுச்சா?" என்றுதான் முதலில் கேட்டார்கள். சதாவோ பன்றி வளர்த்த மனுஷர். பன்றியின் புத்தி அவருக்குத் தெரியும். அதனால் லைசென்ஸ் எடுத்து, பொறி வைத்துப் பிடிக்கும் வேலையை அவரே ஏற்றுக்கொண்டார். பிடித்ததைத் தின்னவும் முடியாது. இறைச்சியில் சீசியம் என்கிற கதிர்வீச்சு விஷம். கொன்று, எரிக்கும் உலைக்கு அனுப்ப வேண்டியதுதான்.

ஊரைச் சுத்தம் செய்தால் ஊர் திரும்பும் என்று எல்லோரிடமும் சொல்வார். ஊர் திரும்பினால் மனைவி ஹருயோவும் திரும்புவாள் என்பதுதான் உள்ளே இருந்த கணக்கு. கூரையை மாற்றி, தரையை மாற்றி, அவள் கேட்காமலேயே அடுக்களையில் புதுக்குழாய் போட்டு, வீட்டை அவர் தயாராக வைத்திருந்தார். அவளோ ஊரைவிட்டு வந்து குடியேறிய கொரியாமா நகரத்தில் நாலாவது மாடியில் உட்கார்ந்துகொண்டு ஒரு தடவைகூட இந்தப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை. வார நாட்களில் அவர் இங்கே, ஞாயிற்றுக்கிழமை அங்கே. கல்யாணமான மனுஷனுக்கு இது ஒரு பிழைப்பா?

பின்னால் சின்ன லாரி வந்து நின்றது. பக்கத்து வீட்டு நெமோட்டோ. பள்ளிக்கூடத்தில் இவருக்கு இரண்டு வகுப்பு மூத்தவர். அந்த இரண்டு வகுப்பின் அதிகாரத்தை இன்றுவரை விட்டுக்கொடுத்ததில்லை.

"டேய் சதாவோ! என்னடா, பொண்ணு பாக்க வந்தவன் மாதிரி நெளிஞ்சுகிட்டு நிக்கிற?"

"அண்ணே, காலப் பாருங்க."

நெமோட்டோ குனிந்து பார்த்தார். "அட, இது உன் வீட்டு சாக்ஸாச்சே!"

அந்த வட்டாரத்தில் எல்லாப் பண்ணையிலும் வெளுத்த இளஞ்சிவப்புப் பன்றிதான். சதாவோ மட்டும்தான் தெற்கே ககோஷிமா வரை போய்க் கறுப்புப் பன்றி வாங்கிவந்தவர். கறுப்பு உடம்பு, வெள்ளைக் கால்.

"உன் பொண்ணு மலைக்காரனோட ஓடிப்போயிருக்காடா! கல்யாணத்துக்கு எனக்கு ஒரு வார்த்தை சொன்னியா நீ? சம்பந்தி வீட்டு விருந்து எங்க?"

"எம் பன்னியெல்லாம் செத்துப்போச்சுண்ணே."

நெமோட்டோவுக்கு நாக்கைக் கடித்துக்கொள்ளத் தோன்றியது. "சரி, சரி. நான் ஒரு மடையன்" என்றார். பிறகு லாரியில் ஏறி, இடிக்கக் காத்திருக்கும் தன் வீட்டுக்குப் போனார்.

சதாவோ வண்டியிலிருந்து, மின்சாரம் பாய்ச்சிக் கொல்லும் கம்பை எடுத்தார்.  

பன்றியின் ரத்தமும் கண்ணும் கொஞ்சம் இறைச்சியும் எடுத்துப்போக மத்தியானம் குவாபரா வந்தாள். பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சி செய்கிறவள். ரப்பர் பூட்ஸோடு சேற்றில் மண்டியிட்டு வேலை பார்ப்பாள். அதனாலேயே ஊரில் அவளுக்கு மரியாதை. அவளை எல்லோரும் வாத்தியாரம்மா என்றுதான் கூப்பிடுவார்கள். கேமராவைத் தூக்கிக்கொண்டு ஊருக்குள் வருகிற மற்றவர்களுக்கு ரெண்டு தலைப் பன்றி வேண்டும், ஆறு கால் கன்று வேண்டும். கிடைக்காவிட்டால் ஏமாந்த முகத்தோடு திரும்பிப் போவார்கள். நாம் என்னவோ ஒளித்துவைத்துவிட்ட மாதிரி!

"வாத்தியாரம்மா, நேரா கேக்கறேன். இத்தன வருஷமா இந்த மண்ணத் தோண்டித் தின்னிருக்கு. உள்ள ஏதும் கெட்டுப்போயிருக்கா?"

"ரத்த அணுவுக்குள்ள இருக்கிற குரோமோசோம் முறிஞ்சிருக்கான்னு பாக்கறோம், மோன்மா சார். கண்ணுல புரை விழுந்திருக்கான்னு பாக்கறோம். இதுவரைக்கும் நான் பாத்ததுல, தூரத்து மலையில இருக்கிற பன்னிக்கும் இதுக்கும் பெரிய வித்தியாசம் இல்ல. அதுக்காக ஒண்ணுமே இல்லன்னு அடிச்சுச் சொல்ல மாட்டேன். இன்னும் பாத்துகிட்டேதான் இருக்கணும்." அவள் வெள்ளைக் காலைத் தூக்கிப் பார்த்தாள். "ஆனா மரபணு மாறினது நிஜம். அது கதிர்வீச்சால இல்ல, கலியாணத்தால. எங்கயோ ஒரு பண்ணைப் பன்னி தப்பிச்சு மலைப்பன்னியோட சேந்திருக்கு. மலைப்பன்னி வருஷத்துக்கு ஒரு தடவதான் ஈனும். பண்ணைப் பன்னிக்கு அந்தக் கட்டுப்பாடு கிடையாது. தாய்வழியா அந்தப் பழக்கமும் கூடவே வந்திருக்கும்னு நினைக்கிறேன். அதான் தலைமுறை தலைமுறையா வேகமாப் பெருகியிருக்கு. அந்தத் தாய் யாருன்னுதான் தெரியல. ஒப்பிட்டுப் பாக்க அந்தக் காலத்துப் பன்னியோட ஒரு துளி ஏதாவது கிடைச்சா..."

 சதாவோவுக்கு ஒரு மரப்பெட்டி ஞாபகம் வந்தது.

பிள்ளையின் தொப்புள்கொடி காய்ந்து விழுந்ததும் பஞ்சில் பொதிந்து சின்ன மரப்பெட்டியில் வைப்பது அந்த ஊரில் எல்லா வீட்டிலும் உள்ளதுதான். ஹருயோவிடம் அப்படி இரண்டு பெட்டிகள். ஒன்று மகனுடையது. இன்னொன்று உமேகோவுடையது. உமேகோ அவர்கள் பண்ணையில் பிறந்த முதல் கறுப்புக் குட்டி. மூச்சில்லாமல் பிறந்ததை ஹருயோ வாயோடு வாய் வைத்து ஊதிப் பிழைக்கவைத்தாள். 'வெளியில தெரிஞ்சா சிரிப்பாங்க' என்று சதாவோ தலையில் அடித்துக்கொண்டபோது, 'சிரிக்கிறவங்க வந்து ஊதிப் பாக்கட்டும்' என்றாள். ஊரைக் காலிசெய்த அன்று, பாங்கிப் புத்தகத்தை மறந்துவிட்டு இரண்டு பெட்டிகளையும் கைப்பையில் போட்டுக்கொண்டு வந்தவள் அவள். வழி நெடுக சதாவோ அதற்காகத் திட்டிக்கொண்டு வந்தார்.

திட்டியிருக்க வேண்டாம் என்று பிற்பாடு பலதடவை நினைத்திருக்கிறார். மூன்று நாளில் திரும்பிவிடலாம் என்றுதான் அன்றைக்கு எல்லோருக்கும் சொல்லப்பட்டது. ஹருயோ மூன்று நாளுக்குத் தீனியும் தண்ணீரும் வைத்தாள். குட்டிகளுக்குக் குளிருமே என்று கொட்டகைக் கதவைச் சாத்தி, தாழ்ப்பாளையும் போட்டாள். திரும்பப் பல மாதம் ஆனது. கதிர்வீச்சுத் தடுப்பு வெள்ளை உடுப்பு மாட்டிக்கொண்டு சதாவோ மட்டும் போய்வந்தார். கொட்டகையின் முன்கதவைத் திறந்தவருக்கு அதற்குமேல் ஓர் அடி வைக்கத் தெம்பில்லை. பிறகு அதிகாரிகள் வந்து புதைத்தார்கள். என்ன பார்த்தீர்கள் என்று ஹருயோ கேட்கவில்லை. "நான்தான தாழ்ப்பாள் போட்டேன்" என்று மட்டும் சொன்னாள். அதோடு அந்தப் பேச்சும் முடிந்தது, ஊரும் முடிந்தது.

அந்த ஞாயிற்றுக்கிழமை சதாவோ தன் மனைவியிடமே திருடினார். ஹருயோ குளிக்கப் போன நேரம் பார்த்து அலமாரியிலிருந்து உமேகோவின் பெட்டியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார். அறுபத்தாறு வயதில், வேர்த்து விறுவிறுத்து!

குவாபரா பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டுச் சிரிக்கவில்லை. இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். ஒரு துணுக்கைக் கிள்ளிக்கொண்டு மீதியை, எடுத்தது தெரியாதபடி மூடித் திருப்பித் தந்தாள். இலையுதிர்காலம் முடிந்து முதல் பனி விழுந்தபோது, முடிவைச் சொல்ல அவளே நேரில் வந்தாள்.

"பொருந்துது, மோன்மா சார். வெள்ளைக் காலோடது மட்டுமில்ல. இந்தப் பள்ளத்தாக்குல நீங்க பிடிச்சுக் குடுத்ததுல பாதிக்குமேல அதே தாய்வழி. இந்தப் பக்கத்து மத்த பண்ணைங்கள்ல அந்த வழி கிடையாது, அதையும் விசாரிச்சுட்டேன். உங்க உமேகோவோ அது பெத்த பொண்ணுங்களோ, ஒண்ணாவது உயிரோட வெளிய போயிருக்கு."

சதாவோ அவளுக்கு ஊற்றிய தேநீரைத் தானே குடித்தார்.

வெளியே போயிருக்கிறது. சாகவில்லை. இதை ஹருயோவிடம் சொன்னால் அவள் நெஞ்சிலிருந்து அந்தத் தாழ்ப்பாள் கழன்றுவிடும். ஆனால் சொல்கிற வாயாலேயே இன்னொன்றையும் சொல்ல வேண்டுமே? இத்தனை வருஷமாக இந்தக் கையால் ஒன்றொன்றாகக் கொன்றது யாரை? அவள் ஊதி உயிர்கொடுத்தவளின் வம்சத்தை. பாதிக்குமேல் என்று அந்தப் பெண் வாயாலேயே சொல்லிவிட்டாள். இதைக் கேட்டபிறகு ஹருயோ ஊருக்கு வருவது இருக்கட்டும், தன்னை வீட்டுக்குள் விடுவாளா?

கொரியாமா போகும் வழியில் இரண்டு இடத்தில் வண்டியை நிறுத்தி, சொல்லாமலேயே விட்டுவிடலாமா என்று யோசித்தார். அந்த யோசனை அவருக்கே கேவலமாக இருந்தது.

ஹருயோ முள்ளங்கி நறுக்கிக்கொண்டிருந்தாள். அவர் சட்டைப்பையிலிருந்து பெட்டியை எடுத்து மேஜைமேல் வைத்தார்.

"இது எப்படி உங்க கையில?"

"திருடினேன்."

எல்லாவற்றையும் சொன்னார். வெள்ளைக் காலிலிருந்து ஆரம்பித்து, கம்பு, ரத்தம், பஞ்சு, தாய்வழி, பாதிக்குமேல் என்று ஒன்றுவிடாமல் சொன்னார். அவள் கத்தியைக் கீழே வைக்காமல் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"எத்தன?" என்றாள் கடைசியில்.

"எண்ணல, ஹருயோ. எண்ணியிருந்தா செஞ்சிருக்க முடியாது."

அவள் எழுந்துபோய்க் குழாயைத் திறந்து அரிசி களைந்தாள். களைந்த அரிசியையே திரும்பத் திரும்பக் களைந்தாள். தோள் குலுங்குவது பின்னாலிருந்து தெரிந்தது. எழுந்துபோய்த் தொடலாமா என்று சதாவோவுக்குத் தெரியவில்லை. உட்கார்ந்தே இருந்தார்.

"அதுங்க யார் யார் வீட்டுல பூந்துச்சு?" குழாயை நிறுத்திவிட்டுக் கேட்டாள்.

"என்னது?"

"எம் புள்ளைங்க. யார் யார் வீட்ட நாசம் பண்ணுச்சுங்க?"

"எல்லார் வீட்டுலயும்தான். நெமோட்டோ அண்ணன் வீட்டுல பாய் ஒண்ணு மிச்சமில்ல. கன்னோ வீட்டு அரிசிக் குதிரச் சாச்சுடுச்சு. கோயில்லயும்..."

"கோயில்லயா!"

"புத்தர் பீடத்துக்குக் கீழ குட்டி போட்டிருந்துச்சு."

ஹருயோ ஈரக்கையால் வாயைப் பொத்திக்கொண்டாள். "ஐயையோ, மானம் போச்சு! இத்தன வருஷமா ஊரு பூரா அக்கிரமம் பண்ணியிருக்குங்க, பெத்தவ நான் இங்க காலை நீட்டிகிட்டு உக்காந்திருக்கேன்! ஒரு வீட்டுக்காவது போய் மன்னிப்புக் கேட்டிருக்கேனா?"

"அதுங்க பன்னிடி!"

"வளத்தது யாரு? நான்தானே? கெளம்புங்க. கடை சாத்தறதுக்குள்ள இனிப்பு வாங்கணும்."

பிள்ளை பக்கத்து வீட்டுக் கண்ணாடியை உடைத்தால், தாய் இனிப்புப் பெட்டியைத் துணியில் முடிந்துகொண்டு போய் வாசலில் தலைகுனிந்து நிற்க வேண்டும். அதைச் செய்யாதவள் அந்த ஊரில் ஒரு மனுஷியே இல்லை. சதாவோ எத்தனையோ வருஷமாகக் கெஞ்சியும் கொஞ்சியும் வராதவள், ஒரு இனிப்புப் பெட்டியைச் சாக்காக வைத்துக்கொண்டு வண்டியில் ஏறினாள். பேசினால் மனசு மாறிவிடுமோ என்று அவர் வழி நெடுக வாயைத் திறக்கவில்லை.

கன்னோவின் மனைவிக்கு விஷயம் புரிய வெகுநேரம் ஆனது. புரிந்ததும் விழுந்து விழுந்து சிரித்து, பிறகு ஹருயோவின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். கோயில் குருக்கள், "புத்தர் காலடியில பொறந்த குட்டிங்கம்மா, அதுங்களுக்கு என்ன கொறை?" என்று சொல்லிவிட்டு அங்கேயே பெட்டியைப் பிரித்து இரண்டு தின்றார்.

நெமோட்டோ இடிக்கப்போகிற வீட்டின் வாசல்படியில் உட்கார்ந்திருந்தார். ஹருயோ இடுப்பு ஒடியக் குனிந்தாள்.

"அண்ணே, எங்க வீட்டுப் புள்ளைங்க உங்களுக்குப் பெரிய தொந்தரவு குடுத்துடுச்சுங்க. மன்னிக்கணும்."

நெமோட்டோ வழக்கம்போல ஏதாவது கிண்டலாகச் சொல்வார் என்று சதாவோ எதிர்பார்த்தார். அவர் எழுந்து நின்றார்.

"தங்கச்சி, நாங்க அத்தன பேரும் இந்த வீட்ட அப்படியே போட்டுட்டு ஓடினோம். யாரும் வேணாம்னு விட்ட வீட்டுல அதுங்கதான் குடித்தனம் பண்ணுச்சுங்க. குட்டி போட்டு, பால் குடுத்து... வீட்டுக்குள்ள ஒரு சத்தம் இருந்துச்சுல்ல? அது போதும் எனக்கு." வாசல்படியை ஒரு தடவை திரும்பிப் பார்த்தார். "ஆனா என் அப்பா வாங்கின அலமாரிய மட்டும் விட்டு வச்சிருக்கலாம். உங்க வீட்டுப் பொண்ணு கல்யாண விருந்த எனக்குப் போட்டாத்தான் இத மறப்பேன்."

அங்கிருந்து ஹருயோ நேராகக் கொட்டகைக்கு நடந்தாள். முட்செடி மூடிக் கிடந்தது. முன்கதவருகே வந்ததும் நின்று, கைகூப்பி, வெகுநேரம் குனிந்திருந்தாள். உள்ளே இருந்தவை எல்லாமே தப்பிக்கவில்லை, அது இருவருக்கும் தெரியும். சதாவோவும் பக்கத்தில் குனிந்து நின்றார். அந்தக் கதவுக்கு முன்னால் அவர் தனியாக இல்லாதது அதுதான் முதல் தடவை.

பிறகு அவள் சுற்றிக்கொண்டு பின்பக்கம் போனாள். சதாவோ ஒருநாளும் போகாத பக்கம். குட்டி ஈனும் அறையின் பலகைச் சுவர், தரையோடு தரையாக, உள்ளேயிருந்து வெளியே முட்டித் தள்ளப்பட்டிருந்தது. ஒரு தாய்ப்பன்றி நுழைகிற அகலம்.

"உமேகோவோட அறை" என்றாள் ஹருயோ. உடைந்த பலகையை விரலால் தடவினாள். "தடிமாடு! அன்னைக்கே சொன்னேன்ல, இவ எந்தக் கதவுக்கு மரியாத குடுத்திருக்கா?" சிரித்துக்கொண்டே முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

வண்டிக்குத் திரும்புகிற வழியில் வயலோரத்துப் பொறிக்கூண்டின் கதவு விழுந்து மூடியிருந்தது. உள்ளே ஓர் இளம்பன்றி. முன்னங்கால் ஒன்று மட்டும் வெள்ளை.

சதாவோ அவளுக்கு முன்னால் வந்து மறைத்து நின்றார். இன்றைக்கா, இந்த நேரத்திலா? "நீ வண்டிக்குப் போ, ஹருயோ" என்றார். அவள் அசையவில்லை. "இல்ல... விட்டுடட்டுமா?"

"விட்டா கன்னோ வீட்டுல வர்ற வருஷம் எப்படி நெல்லு நடுவாங்க? நெமோட்டோ அண்ணன் எந்த தைரியத்துல புது வீடு கட்டுவாரு?" அவள் கூண்டுக்குப் பக்கத்தில் போய் ஈர மண்ணில் மண்டியிட்டாள். "பன்னி வளத்தவ நான். எதுக்கு வளத்தேன்னு எனக்குத் தெரியாதா? லாரி ஏத்தற ஒவ்வொரு நாளும் காதைச் சொறிஞ்சு விட்டுத்தான் அனுப்பினேன். சாகறது வேற, யாருமில்லாம சாகறது வேற."

அவள் குரலைக் கேட்டுப் பன்றி முட்டுவதை நிறுத்தியது. மூக்கைக் கம்பிக்கு வெளியே நீட்டியது.

"இனிமே ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை வர்ற கதையெல்லாம் வேணாம். நான் இங்கயே இருக்கேன்" என்றாள் ஹருயோ, திரும்பிப் பார்க்காமலே. "எது விழுந்தாலும் என்னக் கூப்பிட்டுட்டுத்தான் நீங்க கம்ப எடுக்கணும்."

"சரி" என்றார் சதாவோ.

"இப்ப எடுங்க."

அவர் போய்க் கம்பை எடுத்துவந்தார். ஹருயோ கம்பிக்குள் இரண்டு விரலை விட்டு அதன் காதுக்குப் பின்னால் சொறிந்தபடி, பேர் வைத்துக் கூப்பிட்டு, தாழ்ந்த குரலில் ஏதோ பேசிக்கொண்டிருந்தாள். அவர் பக்கத்தில் வந்து நின்றதும் கையை எடுத்துக்கொண்டாள். முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை.